ஆனா கல்யாணசுந்தரம்

திருநெல்வேலி டவுனில் கல்யாணசுந்தரம் பிள்ளைக்கு ‘ஆனா’ என்று பட்டப்பெயர். யார் எதைச் சொன்னாலும் அந்தச் சொல்லில் தொடங்கித்தான் அவரிடமிருந்து பதில் வரும். வெயில் கொளுத்துகிறது என்று நீங்கள் சொன்னால், “ஆனா காத்து வருதே” என்பார். சரி, காற்று நன்றாகத்தான் இருக்கிறது என்று ஒத்துக்கொண்டால், “ஆனா வெயிலுல்லா” என்பார். பெண் பார்க்கப் போன இடத்தில், பெண்ணைப் பிடித்திருக்கிறதா என்று பெரியவர்கள் கேட்டபோதும், “ஆனா…” என்று இழுத்தார். கூடமே மூச்சைப் பிடித்துக்கொண்டது. “…சொஜ்ஜியில சீனிதான் கொஞ்சம் தூக்கல்” என்று முடித்தார். கதவுக்குப் பின்னால் நின்ற பிரபாவதிக்கு உயிர் போய் உயிர் வந்தது. கல்யாணம் முடிந்த முதல் வாரத்திலேயே அவள் சொல்லிவிட்டாள்: “நீங்க என்ன வேணா பேசுங்க. அந்த ஆனாவை மட்டும் என் காதுல போடாதீங்க.”

அவரும் சரி என்றார். ஆனால் பழக்கம் என்பது என்ன, சட்டையா கழற்றி மாட்ட?

1969-ல் பம்பாயிலிருந்து கப்பலேறி துபாய் போய்ச் சேர்ந்தார். அங்கே தேரா என்கிற பகுதியில் ஒரு கிட்டங்கி. குழாய், குமிழ், குளியலறைத் தொட்டி, கக்கூஸ் பீங்கான் எல்லாம் அங்கே மலையாகக் கிடக்கும். அதற்கு இவர்தான் ஸ்டோர் கீப்பர். இடுப்பில் சாவிக்கொத்து. முதலாளியை அங்கே அர்பாப் என்பார்கள். இவருடைய அர்பாபுக்கு அல் ஐன் பக்கம் வீடு, நல்ல மனுஷன், உடைந்த ஹிந்தியில் பேசுவார். 1971-ல் கல்யாணசுந்தரம் நாற்பது நாள் லீவில் ஊருக்குப் போய்வந்தார். மறுவருஷம் மகள் பத்மா பிறந்தாள் என்று தந்தி வந்தது. அந்தத் தந்தியைத்தான் கையில் வைத்துக் கொஞ்ச முடிந்தது. பிள்ளையை இன்னும் பார்க்கவில்லை.

குடும்பத்தைக் கூட்டிவர வேண்டுமானால் அர்பாப் ஒரு கடிதத்தில் கையெழுத்துப் போட வேண்டும். அவர் மறுக்கவும் இல்லை, போடவும் இல்லை. கல்யாணசுந்தரமும் விடாப்பிடியாகக் கேட்கிற ஜாதி இல்லை. ஊருக்கு எழுதுகிற காயிதங்களில், ‘உன்னைக் கூப்பிட்டுக்கொள்ள வேணும் என்றுதான் இருக்கிறது, ஆனா…’ என்று எழுதுவார். அந்த ஆனாவுக்குப் பிறகு வீட்டு வாடகை வரும், வெயில் வரும், தண்ணீர் உப்பு என்பது வரும். இப்படியே ஐந்து வருஷம் ஓடிவிட்டது.

இந்த லட்சணத்தில்தான் அவர் நடிகர் ஆனார்.

தொலைக்காட்சி அந்தக் கரைக்கு அப்போதுதான் வந்திருந்தது. எந்த ஊர் நிலையம் என்று கேட்காதீர்கள். அவர்கள் பாவம், தெரிந்து ஒரு தப்பும் செய்யவில்லை. காயல்பட்டினத்து மீராசா அங்கே மேஜை நாற்காலி எடுத்துப்போடுகிற வேலையில் இருந்தார். ஒருநாள் கிட்டங்கிக்கு ஓட்டமும் நடையுமாக வந்தார்.

“ஓய் பிள்ளை, நாடகத்துல ஒரு இந்தியாக்காரன் வேணுமாம். சட்டையை மாட்டும்.”

“ஆனா எனக்கு நடிக்கத் தெரியாதே வே.”

“யாருவே உம்மை நடிக்கச் சொன்னா? வந்து நில்லும்.”

முதல் நாடகத்தில் அவருடைய கை மட்டும் வந்தது. வியாபாரி ஒருவருக்குக் காவா என்கிற அரபுக் காப்பியை ஊற்றிக் கொடுக்கிற கை. அடுத்ததில் முதுகு வந்தது. கார் ஓட்டுகிற முதுகு. மூன்றாவதில் முழு ஆளையும் போட்டார்கள், பிணமாக. விளக்குச் சூட்டில் பிணத்துக்கு நெற்றியெல்லாம் வேர்த்து ஊற்றியது. எகிப்துக்காரரான இயக்குநர், உஸ்தாத் என்று எல்லாரும் பயபக்தியோடு கூப்பிடுகிறவர், “செத்தவனுக்கு எங்காவது வேர்க்குமா?” என்று கத்திவிட்டு, தலையோடு கால் போர்வையை இழுத்து மூடச் சொன்னார். ஆக மூன்று நாடகம் நடித்தும் முகம் வெளியே வரவில்லை. ‘முக்கியமான பாத்திரம் கிடைத்தது’ என்று கல்யாணசுந்தரம் ஊருக்கு எழுதினார். அதில் பொய் ஏதும் இல்லை. கையில் இருந்தது காவாப் பாத்திரம், அதுவும் பித்தளை.

திருநெல்வேலியில் அப்போது யாரும் தொலைக்காட்சிப் பெட்டியைக் கண்ணால் கண்டதில்லை. மூஞ்சி தெரிகிற ரேடியோ என்று பிரபாவதி தெருவெல்லாம் விளக்கிச் சொல்லியிருந்தாள். மூஞ்சி தெரியவில்லை என்கிற சங்கதியை அவளுக்கு எழுத இவருக்கு மனசு வரவில்லை.

1974 ரமலான் மாதத்துக்கு உஸ்தாத் ஒரு தொடர் நாடகம் போட்டார். தினமும் நோன்பு திறந்த பிறகு அரைமணி நேரம், எல்லாமே நேரடி ஒளிபரப்பு. நடிப்பில் தப்பு விழுந்தால் விழுந்ததுதான். கதை எளிது: முத்து வியாபாரியின் மோதிரம் களவு போகிறது, களவாண்டவன் அவருடைய தங்கை மகன், அதைக் கண்ணால் பார்த்த ஒரே ஆள் வீட்டு வேலைக்காரன். வேலைக்காரன் நம்ம பிள்ளைவாள்.

“முகம் தெரியும், பேச்சும் உண்டு” என்றார் மீராசா.

“எத்தனை வரி வே?”

“வரியா? ஒரு சொல்லு. காழி, அதான் நீதிபதி, ‘மீன்?’னு கேப்பாரு. யாருன்னு அர்த்தம். நீரு அந்த மருமகனைக் கைகாட்டி ‘ஹுவ்வ’ன்னு சொல்லணும். அவன்னு அர்த்தம். அவ்வளவுதான்.”

“சைவப் பிள்ளைகிட்ட வந்து மீன் கேக்காரே” என்று சிரித்துக்கொண்டார் கல்யாணசுந்தரம். ஆனால் பயம் வந்துவிட்டது. இரண்டு வாரம் கிட்டங்கியில் வரிசையாக நிற்கும் கக்கூஸ் பீங்கான்களைப் பார்த்து விரல் நீட்டி ஒத்திகை செய்தார். கோபமாக ஒரு “ஹுவ்வ”, துக்கமாக ஒரு “ஹுவ்வ”, விக்கி விக்கி ஒரு “ஹுவ்வ”. அந்த வாரத்தில் பீங்கான் வாங்க வந்தவர்கள் இரண்டு பேர் வாங்காமலே போனார்கள்.

அந்தச் சமயத்தில்தான் பிரபாவதியின் காயிதம் வந்தது. எப்போதும் நாலு பக்கம் எழுதுகிறவள், இந்தத் தடவை அரைப் பக்கம்கூட எழுதவில்லை. ‘பள்ளிக்கூடத்தில் டீச்சர் வேலை தருகிறார்கள். தீபாவளி வரைக்கும் பார்ப்பேன். அதற்குள் உங்களிடமிருந்து விசா வராவிட்டால் சேர்ந்துவிடுவேன், பிறகு எப்போது கூப்பிட்டாலும் வருவதற்கில்லை. பத்மா மேலவீட்டு மாமாவைப் பார்த்து அப்பா என்கிறாள். இதற்குப் பதிலில் ஆனா என்று எழுத வேண்டாம்.’

படித்ததும் சட்டையை மாட்டினார். அன்றைக்கே அல் ஐனுக்கு டாக்ஸி பிடித்துப் போனார். பெருநாளைக்கு முன்னால் கையெழுத்துப் போட்டுத் தருகிறேன் என்று அர்பாப் கையடித்துக் கொடுத்தார். “என் தாய் உன் நாடகத்தை ஒருநாள் விடாமல் பார்க்கிறாள்” என்று சிரித்தார். திரும்பி வருகிற வழியெல்லாம் கல்யாணசுந்தரம் பாட்டுப் பாடிக்கொண்டே வந்தார். டாக்ஸி ஓட்டிய பட்டாணியர் காதைப் பொத்திக்கொள்ளாதது பெரிய காரியம்.

அந்த நாளும் வந்தது. நோன்பு பதினேழு. காழி வேடக்காரர் பெரிய தலைப்பாகையோடு உட்கார்ந்திருக்கிறார். முத்து வியாபாரி நெஞ்சில் அடித்துக்கொள்கிறார். கல்யாணசுந்தரம் நடுவில் நிற்கிறார். இடப்பக்கம், தூண் ஓரமாக, மருமகன் நிற்க வேண்டும்.

“மீன்?” என்று இடிபோலக் கேட்டார் காழி.

கல்யாணசுந்தரம் கம்பீரமாகத் திரும்பி விரலை நீட்டினார். தூண்தான் நின்றது. மருமகனைக் காணோம்! நாள் முழுக்கப் பட்டினி கிடந்த பையன், சமோசாத் தட்டை விட்டு வர மனமில்லாமல் திரைக்குப் பின்னால் மென்றுகொண்டிருந்திருக்கிறான். நெல்லையப்பா! தூணையா திருடன் என்று காட்டுவது? நீட்டிய விரல் சுருங்கி, எங்கே போவதென்று தெரியாமல் அவர் நெஞ்சிலேயே வந்து ஒட்டிக்கொண்டது. “ஆனா ஆளைக் காணுமே” என்று சொல்லத்தான் வாயெடுத்தார். முதல் சொல் வந்தது. மிச்சம் வரவில்லை.

“ஆனா…”

காழியின் வாய் பிளந்தது. முத்து வியாபாரி நிஜமாகவே கீழே உட்கார்ந்துவிட்டார். காமிராவுக்குப் பின்னால் உஸ்தாத் இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டார். பழைய ஆளான காழி முதலில் சுதாரித்து, “பிடியுங்கள் இவனை!” என்று கத்த, இரண்டு சேவகர்கள் கல்யாணசுந்தரத்தின் அக்குளில் கைகொடுத்துத் தூக்கிக்கொண்டு போனார்கள்.

திரைக்குப் பின்னால் மீராசா ஓடிவந்தார். “என்ன காரியம் வே செஞ்சீரு! இந்தக் கரையில ஆனான்னா நான்னு அர்த்தம்! ‘யாரு களவாண்டது?’ன்னு கேட்டா, நெஞ்சைத் தொட்டு ‘நான்’னு சொல்லிட்டு வந்து நிக்கீரு!”

“நான் தமிழ்லல்லா சொன்னேன்!”

“அது உமக்கும் எனக்கும் தெரியும் வே. ஊருக்குத் தெரியுமா?”

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். அந்தத் தவளைக்காவது கத்துகிற பாஷை ஒன்றுதான்.

நிலையத்து டெலிபோன் ஓயாமல் அடித்தது. உஸ்தாத் பயந்துகொண்டே எடுத்தார். எல்லாரும் புகழ்ந்தார்கள்! மருமகன்தான் திருடன் என்றே முதல் நாளிலிருந்து எல்லாரும் நினைத்திருந்தார்களாம். இந்த அப்பாவி மூஞ்சிக்காரன் திருடன் என்று எவனும் நினைக்கவில்லையாம். என்ன கதை, என்ன நடிப்பு! உஸ்தாத் போனை வைத்தார். ஒரு சிகரெட் பற்றவைத்தார். மிச்சக் கதையைக் கிழித்துப் போட்டுவிட்டு, வேலைக்காரனைத் திருடனாக வைத்துப் புதிதாக எழுத உட்கார்ந்துவிட்டார். நிலையத்திலேயே பெரிய வேஷம் இப்போது கல்யாணசுந்தரத்துக்கு. சிறைச்சாலைக் காட்சி மட்டும் ஐந்து நாள்.

மறுநாளிலிருந்து அவரால் கடைத்தெருவில் தலைகாட்ட முடியவில்லை. “யா ஹராமி!” என்று சின்னப் பிள்ளைகள் பின்னாலேயே ஓடிவந்தன. திருட்டுப் பயலே என்று அர்த்தம். தக்காளிக்காரன் சிரித்துக்கொண்டேதான் நின்றான், ஆனாலும் கல்லாப்பெட்டியை ஒரு சாண் தள்ளி வைத்துக்கொண்டான். மூன்று நாடகமாக முகம் தெரியவில்லையே என்று ஏங்கியவருக்கு முகம் தெரிந்துவிட்டது, போதுமா? ‘கேட்டதைக் கொடுத்துட்டீரே அப்பா, கொஞ்சம் பார்த்துக் கொடுத்திருக்கக் கூடாதா’ என்று நெல்லையப்பரிடமே மனசுக்குள் சண்டை போட்டார்.

அதெல்லாம் சிரித்துவிட்டுப் போகிற காரியம். நாலாம் நாள் அர்பாப் கிட்டங்கிக்கு வந்தார். அவர் முகத்தில் சிரிப்பு இல்லை. சாவிக்கொத்துக்காகக் கையை நீட்டினார்.

“அர்பாப், அது வேஷம்! நான் ஒரு குமிழைக்கூட எடுத்ததில்லை!”

“எனக்குத் தெரியும். என் தாய்க்கு யார் சொல்வது? ‘திருடன் என்று அவனே ஒத்துக்கொண்டான், நான் என் காதால் கேட்டேன், அவன் கையில் சாவியைக் கொடுத்து வைத்திருக்கிறாயே’ என்று சாப்பிடாமல் உட்கார்ந்திருக்கிறாள்.”

“விசாக் கடிதம்…” என்றார் கல்யாணசுந்தரம்.

“பாதேன்” என்றார் அர்பாப். பிறகு பார்க்கலாம் என்று அர்த்தம். ஐந்து வருஷமாக இவர் கேட்டுக் கேட்டுப் புளித்துப்போன அரபுச் சொல் அது. சாவி போய் இடுப்பு லேசானது, நெஞ்சு கனத்தது. பீங்கான் பெட்டி ஒன்றின் மேல் உட்கார்ந்து, யாரும் பார்க்கவில்லை என்று உறுதி செய்துகொண்டு அழுதார்.

மீராசாவைக் கூட்டிக்கொண்டு உஸ்தாதிடம் போய்க் கெஞ்சினார். என்னை நல்லவனாக்கிவிடுங்கள், உங்களுக்குப் புண்ணியமாகப் போகும் என்றார். உஸ்தாத் அவர் தோளில் பரிவாகக் கையை வைத்துச் சொன்னதை மீராசா தமிழாக்கினார்: “கலாஸ், முடிஞ்சுபோச்சாம். கரை முழுக்க நீரே ஒத்துக்கிட்டாச்சு, இனி நான் மாத்தினா டெலிபோன்ல என்னைத்தான் திட்டுவாங்கங்காரு.”

நோன்பு இருபத்தொன்பது. கடைசிக் காட்சி. காழி ‘லேஷ்?’ என்று கேட்பார். ஏன் என்று அர்த்தம். ‘அஷான் தஹப்’ என்று கல்யாணசுந்தரம் சொல்ல வேண்டும், தங்கத்துக்காக. காழி தண்டனை சொல்வார், நாடகம் முடியும். இந்தத் தடவை பீங்கான்கள் முன்னால் ஒத்திகைக்கும் வழியில்லை. கிட்டங்கிப் பூட்டின் சாவி அவரிடம் இல்லையே. பிரபாவதியின் காயிதத்தைச் சட்டைப்பையில் மடித்து வைத்துக்கொண்டு போய் நின்றார். தீபாவளிக்கு ஒரு மாதம்தான் இருந்தது.

“லேஷ்?” என்றார் காழி.

கல்யாணசுந்தரம் விளக்கைப் பார்த்தார். கண் கூசியது. தங்கம் என்று சொல்ல வந்த வாயில், கடைத்தெருவில் பொறுக்கிய அரபு எல்லாம் கலந்துகட்டி வந்தது.

“ஹுர்மா ஹிந்த். பிந்த் ஹிந்த். கம்ஸ சனா.”

பெண்டாட்டி இந்தியாவில், மகள் இந்தியாவில், ஐந்து வருஷம். அவ்வளவுதான் அவருக்குச் சொல்லத் தெரிந்தது. பிறகு, “ஆனா… ஆனா…” என்றார். அது தமிழா அரபியா என்று அவருக்கே தெரியாது. பிணமாகக் கிடந்தபோது வேர்த்த அதே முகம், இப்போது கண்ணீரிலும் வேர்வையிலும் சேர்ந்து நனைந்தது. சின்னப் பிள்ளைபோல விம்மிவிட்டார்.

அவர் வாழ்நாளில் நடிக்காமல் நின்ற ஒரே காட்சி அதுதான். அதைத்தான் இன்றுவரை பெரிய நடிப்பு என்கிறார்கள்.

காழி வேடக்காரர் தண்டனையை மறந்தார். தலைப்பாகையைக் கழற்றி வைத்துவிட்டு இறங்கி வந்து, கல்யாணசுந்தரத்தின் தலையில் கையை வைத்து, “போ, உன் வீட்டுக்குப் போ” என்றார். எழுதாத வசனம். உஸ்தாத் கத்தவில்லை, மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தார்.

பெருநாள் காலையில், தொழுகை முடிந்த கையோடு, அர்பாப் அல் ஐனிலிருந்து காரை ஓட்டிக்கொண்டு கிட்டங்கி வாசலுக்கே வந்துவிட்டார். ஒரு கையில் சாவிக்கொத்து, மறு கையில் கடிதம். கையெழுத்தின் மை காய்ந்தும் காயாமலும் இருந்தது.

“என் தாய் ராத்திரி முழுக்க அழுதாள்” என்றார் அவர், கொஞ்சம் வெட்கத்தோடு. “ஐந்து வருஷமா ஒரு மனுஷனை இப்படி வைத்திருக்கிறாயே, காழிக்கு இருக்கிற இரக்கம் உனக்கு இல்லையா என்று கேட்டாள். இதோ, பிடி.”

கல்யாணசுந்தரத்தின் கலை வாழ்க்கை அதற்குப் பிறகும் நாலைந்து வருஷம் நடந்தது. நொண்டிக்கொண்டு நடந்தது என்றால் சரியாக இருக்கும். அடுத்த ரமலானுக்கு உஸ்தாத் ஆசை ஆசையாக ஒரு பெரிய வேஷம் கொடுத்து அழச் சொன்னார். பெண்டாட்டி பிள்ளை வீட்டில் ரசம் வைத்துக் காத்துக்கொண்டிருக்கும்போது எப்படி அழுகை வரும்? வரவில்லை. வெங்காயம் வைத்தும் வரவில்லை. மெல்ல மெல்ல வேஷம் சுருங்கி முதுகுக்கு வந்து, கலர் ஒளிபரப்பு வந்த காலத்தில் மறுபடி காவா ஊற்றுகிற கைக்கே வந்து நின்றது. “கலர்ல என் கை கொஞ்சம் செவப்பாத் தெரியுது வே” என்று மீராசாவிடம் பெருமையாகச் சொன்னார்.

அதெல்லாம் பின்னால் நடந்தது. தீபாவளிக்கு நாலு நாள் முன்னால், துபாய் விமான நிலையத்தில், தடுப்புக் கம்பிக்கு இந்தப் பக்கம் கல்யாணசுந்தரம் நின்றார். அந்தப் பக்கம் பிரபாவதி. இடுப்பில் ஒரு பெண்பிள்ளை, இரட்டைச் சடை, அவருடைய அதே மூக்கு. பாவம், அதையாவது அம்மாவிடமிருந்து வாங்கியிருக்கலாம்.

பாஸ்போர்ட்டைப் புரட்டிக்கொண்டிருந்த இளம் அதிகாரி, இந்தப் பெண்ணைக் கூட்டிப்போக யார் வந்திருக்கிறார்கள் என்று பார்க்க நிமிர்ந்தார். கல்யாணசுந்தரத்தைக் கண்டதும் அவர் முகம் மலர்ந்தது.

“யா ஹராமி!”

பக்கத்து மேஜைக்காரர்களும் எழுந்து நின்று பார்த்தார்கள். பிரபாவதி மிரண்டுபோனாள்.

“என்னங்க, உங்களைப் பார்த்து என்னமோ சொல்லுதாரு? ஹராமின்னா என்ன?”

“நடிகர்னு அர்த்தம்” என்றார் கல்யாணசுந்தரம்.

அதிகாரிக்கு விளையாட்டு தீரவில்லை. நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். தாடியே இல்லாத மோவாயைத் தடவிக்கொண்டார். பிரபாவதியையும் பிள்ளையையும் கைகாட்டி, இவர்களுக்குப் பொறுப்பு யார் என்கிற பாவனையில், காழியின் குரலிலேயே இடித்தார்:

“மீன்?”

கல்யாணசுந்தரம் விரலை எடுத்தார். இந்தத் தடவை அது வழி தவறவில்லை. நேராக நெஞ்சுக்கு வந்தது.

“ஆனா” என்றார், கூடம் முழுக்கக் கேட்கிற மாதிரி.

அதிகாரி ஓங்கி முத்திரை குத்தினார். கம்பி திறந்தது. பிரபாவதி வெளியே வந்து, பிள்ளையை அவர் கையில் கொடுத்தாள். பிள்ளை அவருடைய மீசையைப் பார்த்து வீறிட்டு அழுதது. அந்த அழுகைக்கு நடுவிலும் அவள் விடவில்லை.

“அஞ்சு வருசம் கழிச்சு வாரேன், வந்து இறங்குனதுமே ஆனாவா? சரி, மிச்சத்தையும் சொல்லித் தொலைங்க. ஆனா, என்ன?”

“மிச்சம் இல்ல பிரபா. இந்த ஊர்ல ஆனான்னா நான்னு அர்த்தம்.”

பிரபாவதி நின்றுவிட்டாள். சிரிப்பு வந்தது, அதோடு சேர்ந்து கண்ணும் கலங்கியது.

“அப்போ அத்தனை காயிதத்துலயும் நான் நான்னுதான் எழுதியிருந்தீங்களா? அது தெரியாம, நான் பாட்டுக்கு அழுதுக்கிட்டுக் கிடந்தேனே!”